அண்ணாச்சியின் சுண்டுவிரல்

ஒருவரை நினைத்தால் முதலில் முகம்தான் ஞாபகத்துக்கு வரவேண்டும். எனக்கு அவரை நினைத்தால் இடது கைச் சுண்டுவிரல் நகம்தான் வருகிறது. மற்ற விரல்களில் எல்லாம் ஒட்ட வெட்டிவிட்டு, அது ஒன்றை மட்டும் அரை அங்குல நீளத்துக்கு வளர்த்து வைத்திருந்தார். காது குடைவது அதை வைத்துத்தான். பல்லிடுக்கில் மாட்டிக்கொண்ட பாக்கை எடுப்பது, தபால் கவரைக் கிழிப்பது, முதுகு சொறிவது எல்லாம் அதை வைத்துத்தான். எடுத்ததை ஒருமுறை உற்றுப் பார்ப்பார். பிறகு மேசை விளிம்பில் தேய்த்துவிட்டு அதே கையைக் கீபோர்டில் வைப்பார். அந்தக் கீபோர்டில்தான் நானும் வேலை பார்க்க வேண்டும். ஒரு துணியில் டெட்டால் தொட்டுத் துடைத்த பிறகுதான் உட்காருவேன். "தங்கச்சிக்கு ரொம்பத்தான் சுத்தம்" என்று சிரிப்பார்.

அவர் பெயரைச் சொல்லப் போவதில்லை. அவருக்கு ஒரு மகள் உண்டு. எங்கேயோ குடியும் குடித்தனமுமாக இருப்பாள். அவளுக்காக விட்டுவிடுகிறேன். நாங்கள் எல்லாரும் அண்ணாச்சி என்றே கூப்பிட்டோம்.

தொண்ணூறுகளின் பின்பாதி. வண்ணார்பேட்டையில் ஒரு செருப்புக்கடையின் மாடியில் அண்ணாச்சியும் சாகுல் பாயும் சேர்ந்து கம்ப்யூட்டர் விளையாட்டுகள் செய்யும் கம்பெனி ஒன்றை ஆரம்பித்திருந்தார்கள். திருநெல்வேலியில் அப்போது கம்ப்யூட்டரையே முக்கால்வாசிப் பேர் பார்த்தது கிடையாது. போர்டில் 'விளையாட்டு' என்ற சொல்லைப் பார்த்துவிட்டு வாலிபால் வலை இருக்கிறதா என்று கேட்டுப் படியேறி வந்த டிரில் மாஸ்டர்கள் உண்டு. ஆனால் அவர்கள் இரண்டு பேரும் விளையாட்டுப் பிள்ளைகள் இல்லை. பம்பாயில் பத்து வருஷத்துக்கு மேல் அந்தத் தொழிலில் ஊறியவர்கள். டிவியில் செருகி ஆடுகிற விளையாட்டு, கையில் வைத்துத் தட்டுகிற விளையாட்டு என்று வெளிநாட்டுக்காரர்களுக்கு எத்தனையோ செய்து கொடுத்திருக்கிறார்கள். ஒன்றில்கூட அவர்கள் பெயர் வராது. செய்து கொடுத்த பிறகு அது யாருடையதோ. சொந்த ஊரில், சொந்தப் பெயர் போட்டு ஒன்றாவது கொண்டுவர வேண்டும் என்ற வைராக்கியத்தில்தான் ஊருக்கு வந்தார்கள். வைராக்கியம் சாகுல் பாய்க்கு இருந்தது என்று சொல்வதுதான் சரி.

சாகுல் பாய்க்கு மேலப்பாளையம். புரோகிராம் முழுக்க அவர் கைவேலை. அதிகம் பேசமாட்டார். கரண்ட் போய்விடும் என்ற பயத்தில் நாலு வரி எழுதுவதற்குள் ஒருமுறை சேவ் பண்ணுவார். அண்ணாச்சி முதல் போட்டவர். வெளியே போய்ப் பேசுவதும் ஆள் பிடிப்பதும் அவர் பொறுப்பு. ஒரு ஆட்டம் எந்த இடத்தில் சூடு பிடிக்க வேண்டும், எந்த இடத்தில் ஆடுகிறவனை ஏங்க விட வேண்டும் என்று சொல்வதில் அவர் கெட்டிக்காரர்தான். அதை நான் மறுக்கமாட்டேன்.

நான் பாளையங்கோட்டையில் ஒரு பள்ளிக்கூடத்தில் தற்காலிக டிராயிங் டீச்சராக இருந்து, அந்த வேலையும் போய், அச்சகத்தில் கல்யாணப் பத்திரிகைக்குப் பூர்ணகும்பமும் புறாக்களும் வரைந்துகொண்டிருந்தேன். படம் வரைய ஆள் தேவை என்று கேள்விப்பட்டு, கட்டம் போட்ட காகிதத்தில் நாலைந்து படம் வரைந்து எடுத்துக்கொண்டு போனேன். ஏசி அறை வாசலில் செருப்பைக் கழற்றிப் போட்டுவிட்டு உள்ளே போனால், அண்ணாச்சி என் படங்களைத் தொட்டுக்கூடப் பார்க்கவில்லை.

"மொதல்ல ஒரு ஆட்டம் ஆடுவோம் தங்கச்சி. ஆளு எப்படின்னு ஆட்டத்துல தெரிஞ்சுபோவும்லா" என்றார்.

திரையில் இரண்டு பக்கமும் இரண்டு மட்டை. நடுவில் ஒரு பந்து. ஒரே கீபோர்டில் அவர் இடது பக்கம் உட்கார, நான் வலது பக்கம். கம்ப்யூட்டரை அன்றைக்குத்தான் முதன்முதலாகத் தொடுகிறேன். ஆனாலும் குருட்டாம்போக்கில் எனக்குப் பந்து நன்றாக வந்தது. இன்னும் ஒரு பந்து விட்டால் அவர் தோற்றார் என்ற நிலைமை. அப்போது கீபோர்டின் இடது மூலையில் 'டக்' என்று நகம் படுகிற சத்தம் கேட்டது. என் மட்டை பாதியாகச் சுருங்கிவிட்டது. அதற்குப் பிறகு எந்தப் பந்தையும் என்னால் தடுக்க முடியவில்லை.

அவர் முகத்தில் ஒரு பூரிப்பு. "பாத்தியா? அனுபவம்னா சும்மாவா!" என்று நாற்காலியில் சாய்ந்துகொண்டார். மூலை மேசையில் சாகுல் பாய் தலையைக் குனிந்து எதையோ தேடுகிறவர் மாதிரி இருந்தார். எனக்கு வேலை கிடைத்துவிட்டது. வீட்டுக்கு வந்து அம்மாவிடம், "வேலை கெடைச்சிட்டும்மா. ஆனா மொதலாளி கள்ளாட்டம் ஆடுதாரு" என்றேன். "சம்பளத்துல ஆடாம இருந்தாச் சரிதான்" என்றாள் அம்மா.

அந்த மூலைக் கீயின் கதையைச் சாகுல் பாய்தான் பிறகு சொன்னார். பம்பாயில் இருந்த காலத்திலிருந்தே நடக்கிற கூத்து அது. எந்த விளையாட்டு செய்தாலும் அண்ணாச்சிக்கென்று ஒரு கீ உள்ளே இருக்க வேண்டும். அவர் இடது பக்கம் உட்காருவார். அமுக்கினால் வலது பக்கத்தில் இருப்பவனுக்கு ஏதாவது ஒரு கேடு வரும்.

"ஏன் பாய் வச்சுக் குடுக்கிய?" என்று கேட்டேன்.

"அவரு தோத்தா அன்னைக்குப் பூரா வேலை ஓடாது டீச்சர். மூஞ்சியத் தூக்கி வச்சுக்கிடுவாரு, சாப்பிடமாட்டாரு, எல்லாரு மேலயும் எரிஞ்சு விழுவாரு. ஒரு கீதான? போட்டுக் குடுத்துட்டாத் தீந்துச்சு. வெளிய போற காப்பியில எடுத்துருவேன்."

பிள்ளைக்கு மிட்டாய் கொடுத்து அழுகையை நிறுத்துவது மாதிரி அவர் சொன்னார். அவருக்கு அது பெரிய விஷயமாகத் தெரியவில்லை. அண்ணாச்சி நாற்பத்தைந்து வயது மனிதர். தோற்காமல் இருப்பதற்கு ஒரு ஆளைக் கூடவே வைத்திருக்கிறார். அந்த ஆளிடம் தோற்கிறதும் இல்லை.

நாங்கள் செய்த விளையாட்டு என்னவென்று சொல்லவேண்டும். திருநெல்வேலியிலிருந்து பாபநாசம் போகிற ரூட்டில் தனியார் பஸ்கள் ஒன்றையொன்று முந்திக்கொண்டு ஓடும். முன்னால் போகிற பஸ்ஸுக்குத்தான் ஸ்டாப்பில் நிற்கிற ஆட்கள் எல்லாம். பின்னால் வருகிறவனுக்குப் புழுதிதான். அதைத்தான் சாகுல் பாய் விளையாட்டாக மாற்றியிருந்தார். திரையில் இரண்டு பஸ். சேரன்மகாதேவி, கல்லிடைக்குறிச்சி, அம்பாசமுத்திரம் என்று ஒவ்வொரு ஸ்டாப்பிலும் ஆளை ஏற்றிக்கொண்டு, குறுக்கே வருகிற வைக்கோல் வண்டி, எருமைக்கூட்டம், ரயில்வே கேட் எல்லாவற்றுக்கும் தப்பித்து யார் முதலில் பாபநாசம் போகிறார் என்று பார்க்க வேண்டும். பக்கத்திலேயே ஆறும் கூடவே வரும். அந்த ஆற்றை நான் கட்டம் கட்டமாக வரைந்தேன். இருக்கிற பதினாறு வண்ணத்தில் தாமிரபரணித் தண்ணீருக்கு ஏற்ற வண்ணம் ஒன்றுகூட இல்லை. இரண்டு நீலத்தையும் ஒரு பச்சையையும் மாற்றி மாற்றி வைத்து ஒருவழியாகத் தண்ணீர் மாதிரி ஆக்கினேன். அன்றைக்குச் சாகுல் பாய் எழுந்து வந்து பார்த்துவிட்டு, "டீச்சர், கால நனைக்கலாம் போல இருக்கு" என்றார்.

ரூட்டை நேரில் பார்த்து வருவோம் என்று ஒரு நாள் மூன்று பேரும் ஜங்ஷனில் பஸ் ஏறினோம். அண்ணாச்சி டிரைவருக்குப் பின் சீட்டில் இடம் பிடித்தார். பேட்டை தாண்டுவதற்குள் பின்னாலிருந்து ஒரு பஸ் ஆரன் அடித்துக்கொண்டே எங்களை முந்திப் போய்விட்டது. அண்ணாச்சியால் பொறுக்க முடியவில்லை. "வே, மிதியும் வே! என்ன வே, மாட்டு வண்டியா ஓட்டுதீரு?" என்று டிரைவரைப் பார்த்துக் கத்தினார். டிரைவர் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. அடுத்த ஸ்டாப்பில் முந்தின பஸ் ஆள் ஏற்றிக்கொண்டு நின்றது. "எறங்குங்க, எறங்குங்க" என்று எங்களை இழுத்துக்கொண்டு இறங்கி ஓடி, அந்தப் பஸ்ஸில் ஏற்றிவிட்டார். மறுபடி டிக்கெட். சேரன்மகாதேவியில் பழைய பஸ் இதை முந்தியது. மறுபடி இறங்கினோம். இந்தமுறை நாங்கள் ஓடிப் போவதற்குள் அது கிளம்பிவிட்டது. இறங்கின பஸ்ஸும் போய்விட்டது. வெயிலில் நின்று, கடைசியில் டவுன் பஸ் ஒன்றைப் பிடித்து, ஸ்டாப் ஸ்டாப்பாக நின்று நின்று பாபநாசம் போய்ச் சேர்ந்தோம்.

அங்கே டீக்கடையில் உட்கார்ந்துகொண்டு கடைக்காரரிடம் அவர் சொன்னதுதான் எனக்கு மறக்கவில்லை. "ரெண்டு பஸ்ஸு போட்டி போட்டு வந்துச்சு. ரெண்டுலயும் நாம இருந்தோம்லா! எது ஜெயிச்சாலும் நம்ம பஸ்ஸுதான்." சாகுல் பாய் சிரித்தார். அன்றைக்கு நானும் சிரித்துவிட்டேன். ஆள் ஒரு வேடிக்கைதான், பெரிய தீங்கு இல்லை என்று அப்போது தோன்றியது.

அந்த எண்ணம் அதிக நாள் நிலைக்கவில்லை. மதியச் சாப்பாட்டை அவர் மனைவி கேரியரில் கொண்டுவருவார். பள்ளி விடுமுறையில் ஏழெட்டு வயது மகளும் கூட வரும். அந்தப் பிள்ளைக்குப் பஸ் விளையாட்டின் மேல் உயிர். அதிலும் சிவப்புப் பஸ்தான் வேண்டும். வலது பக்க நாற்காலியில் நாலு டெலிபோன் டைரக்டரியை அடுக்கி அதன்மேல் உட்கார்ந்து ஆடும். நன்றாகவே ஆடும். அம்பாசமுத்திரம் வரைக்கும் அப்பா பஸ்ஸைப் பின்னால் தள்ளிவிட்டு, நாக்கை வெளியே நீட்டிக்கொண்டு ஓட்டியது. அப்போது 'டக்'. சிவப்புப் பஸ்ஸின் டயர் இறங்கிவிட்டது. பிள்ளை கீயை மாற்றி மாற்றி அடித்துப் பார்த்தது. அப்பாவின் பஸ் தாண்டிப் போய்விட்டது.

"எனக்கு மட்டும் ஏம்ப்பா எப்பவும் பஞ்சராவுது?" என்று கேட்டது பிள்ளை. அழுகை வந்துவிட்டது.

"ஓட்டத் தெரியல, ஆவுது. அழாத. கத்துக்க" என்றார் அவர். சொல்லிவிட்டு, சோற்றைப் பிசைய ஆரம்பித்தார்.

அவர் மனைவி கேரியர் தட்டுகளை அடுக்கிக்கொண்டே, "பச்சப் புள்ளைட்ட நீங்க ஒரு தரம் தோத்தாத்தான் என்ன?" என்று கேட்டார். உடனே அண்ணாச்சி சோற்றை அப்படியே தள்ளிவிட்டு எழுந்து கை கழுவப் போய்விட்டார். அந்த அம்மாள் என்னைப் பார்த்து ஒரு மாதிரியாகச் சிரித்தார். சத்தமில்லாமல் சொன்னார்: "எங்க கல்யாணத்துல தண்ணிக் கொடத்துல மோதிரத்தப் போட்டு எடுக்கச் சொன்னாவல்லா, மாப்பிள்ளையும் பொண்ணும் கைய விட்டுத் தேடுவோம்லா, அதுக்கு இவுக கைக்குள்ள வேற ஒரு மோதிரத்த மறைச்சுக் கொண்டுவந்துட்டாவ. கைய விட்டதும் எடுத்துக் காட்டிட்டாவ. எல்லாரும் கை தட்டுனாவ. நான் இன்னும் உள்ள தேடிக்கிட்டு இருக்கேன், எங்கையில அசல் மோதிரம் தட்டுப்படுது."

"அப்புறம் என்ன செஞ்சிய?"

"எடுக்காம விட்டுட்டேன். எடுத்தா அசிங்கமாப் போவும்லா."

யாருக்கு அசிங்கம் என்று நான் கேட்கவில்லை. அந்த அம்மாள் அன்றைக்கு விட்டவர், அதற்குப் பிறகும் விட்டுக்கொண்டே இருந்தார். கட்டிய மனைவி விட்டுக்கொடுத்தாள். கூட வந்த கூட்டாளி கீ வைத்துக் கொடுத்தார். அவர் தன்னை ஒரு வீரன் என்றே நம்பிவிட்டார். மனிதர் ஒருநாளாவது, தான் கள்ளாட்டம் ஆடுவதாக நினைத்திருப்பாரா என்பதே எனக்குச் சந்தேகம்.

பஸ் விளையாட்டு முடிகிற சமயம் மெட்ராஸிலிருந்து ஒரு வியாபாரி வரப்போவதாகத் தகவல் வந்தது. கம்ப்யூட்டர் விற்பதில் பெரிய கை. வீட்டுக்கு வாங்குகிறவர்களுக்கு ஒவ்வொரு கம்ப்யூட்டரோடும் ஒரு தமிழ் விளையாட்டைச் சேர்த்துக் கொடுக்க அவருக்கு ஆசை. அவர் எடுத்துக்கொண்டால் கம்பெனி பிழைக்கும். எடுக்காவிட்டால் மூட வேண்டியதுதான். சாகுல் பாய்க்கு அதைவிடப் பெரிய காரியம் ஒன்று இருந்தது. அவருடைய மச்சான் துபாயிலிருந்து அனுப்பிய விசாவை, இந்த விளையாட்டு வெளிவரட்டும் என்று திருப்பி அனுப்பியிருந்தார். முதல் திரையில் பஸ்ஸின் நெற்றிப் பலகையில் ஊர்ப் பெயருக்குப் பதிலாக அவர்கள் இருவர் பெயரும் வரும்படி நான் எழுதியிருந்தேன். அவர் தன் உம்மாவைக் கூட்டிவந்து அதைக் காட்டினார். அந்த அம்மாவுக்கு வாசிக்கத் தெரியாது. "இதுல எதும்மா எம் மவன் பேரு?" என்று என்னிடம் கேட்டு, கண்ணாடித் திரையை விரலால் தொட்டுப் பார்த்தார்.

வியாபாரிக்குக் காட்டுகிற காப்பியிலிருந்து மூலைக் கீயைச் சாகுல் பாய் எடுத்துவிட்டார். அன்று காலையில் அண்ணாச்சி உட்கார்ந்து அமுக்கிப் பார்த்தார். ஒன்றும் நடக்கவில்லை.

"லே சாகுலு, என்ன லே இது?"

"எடுத்துட்டேன் அண்ணாச்சி. வாறவரு கை தெரியாமப் பட்டுட்டுன்னா வம்பு. உள்ள என்னமோ ஒளிச்சு வச்சிருக்கான்னு நெனச்சிட்டாருன்னா தொலைஞ்சோம்."

அவர் பயந்ததில் நியாயம் இருந்தது. அது ஃப்ளாப்பி வழியாக வைரஸ் பரவிக்கொண்டிருந்த காலம். புரோகிராமுக்குள் ஒருவன் எதையாவது மறைத்து வைக்கிறவன் என்று பேச்சுக் கிளம்பிவிட்டால், அதற்குப் பிறகு அவனை எவரும் கம்ப்யூட்டர் பக்கம் சேர்க்கமாட்டார்கள்.

அண்ணாச்சி எழுந்து சட்டையை மாட்டிக்கொண்டார். "அப்பம் நீயே அவருகூட ஆடு. நான் வீட்டுக்குப் போறேன். வெளியூருக்காரன் முன்னால தோத்துட்டு நிக்கதுக்கு எனக்கு என்ன தலையெழுத்தா?" என்று செருப்பைத் தேடினார். வியாபாரி வருவதற்கு ஒரு மணி நேரம்கூட இல்லை. பேச்சு முழுக்க அண்ணாச்சிதான் பேசியாக வேண்டும். சாகுல் பாய் உட்கார்ந்து கீயைத் திரும்ப உள்ளே வைத்தார். "ரெண்டு கீயாவது சேத்து அமுக்குத மாதிரி வச்சுருதேன் அண்ணாச்சி" என்று கெஞ்சினார். ரெண்டு கீ அமுக்கினால் பார்க்கிறவனுக்குத் தெரிந்துவிடும் என்று அண்ணாச்சி அதற்கும் சம்மதிக்கவில்லை.

"வச்சிட்டேன். ஆனா இன்னைக்கு மட்டும் அமுக்கிராதிய அண்ணாச்சி. வாறவரு ஜெயிச்சாத்தான் சந்தோசமா வாங்குவாரு."

"எனக்குத் தெரியாதா லே? நீ எனக்கு யாவாரம் சொல்லித் தாரியாக்கும்?"

வியாபாரி நல்ல கலகலப்பான மனிதர். செருப்பைக் கழற்றும்போதே, "எங்க பஸ்ஸு, எங்க பஸ்ஸு?" என்று கேட்டுக்கொண்டு வந்தார். முதல் திரையைப் பார்த்ததும் கைதட்டினார். ஆறு ஓடுவதைப் பார்த்து, "இதை யார் வரைஞ்சது?" என்று என்னைத் திரும்பிப் பார்த்தார். எல்லாம் நல்லபடியாகவே போய்க்கொண்டிருந்தது. அண்ணாச்சி இடது பக்கம், அவர் வலது பக்கம். முதல் ஆட்டம். வியாபாரிக்குக் கை பழகிவிட்டது. கல்லிடைக்குறிச்சியில் முந்திக்கொண்டு, "என்ன சார், செஞ்சவரே தோக்குறீங்க?" என்று சும்மா கேலி செய்தார்.

'டக்'.

நான் சாகுல் பாயைப் பார்த்தேன். அவர் கண்ணை மூடிக்கொண்டார். வியாபாரி சிரித்துக்கொண்டே, "அடடா, பஞ்சரும் உண்டா!" என்றார். இரண்டாவது ஆட்டம். அதே மாதிரி முந்தினார், அதே மாதிரி பஞ்சர். இந்தமுறை சிரிக்கவில்லை. "எனக்கு இந்தப் பக்கம் ராசியில்லை. நான் அந்தப் பக்கம் உக்காந்துக்கிறேன்" என்று எழுந்து அண்ணாச்சியை வலது பக்கத்துக்கு மாற்றினார்.

இப்போது அந்தக் கீ வியாபாரியின் கைப்பக்கம். அண்ணாச்சி சும்மா இருந்திருக்கலாம். ஒரு ஆட்டம் தோற்றிருந்தால் எல்லாம் முடிந்திருக்கும். அம்பாசமுத்திரத்தில் வியாபாரி முந்தினார். அண்ணாச்சியின் கழுத்தில் வேர்வை. அவருடைய இடது கை தன்னாலே எழுந்து, வியாபாரியின் மணிக்கட்டுக்கு மேலே குறுக்கே போய், அந்த நகத்தால் மூலைக் கீயை அமுக்கியது. பழக்கதோஷம். அந்தக் கீ எப்போதுமே வலது பக்கத்து பஸ்ஸைத்தான் கெடுக்கும் என்பதுகூட அவருக்கு ஞாபகம் இல்லை. அவருடைய பஸ்ஸே டயர் இறங்கி நின்றது.

வியாபாரி தன் கையின்மேல் கிடந்த அந்தக் கையைப் பார்த்தார். பிறகு அவரே அந்தக் கீயை ஒருமுறை அமுக்கிப் பார்த்தார். "என்ன சார் இது? உள்ளே என்ன வச்சிருக்கீங்க?"

அண்ணாச்சி எழுந்த வேகத்தில் நாற்காலி பின்னால் சாய்ந்தது. இரண்டே எட்டில் போய் சாகுல் பாயைக் கன்னத்தில் அறைந்தார்.

"எத்தன தடவ சொன்னேன் லே, உன் களவாணி வேலையெல்லாம் வெளிய போற காப்பியில இருக்கப்படாதுன்னு! சாரு, பாத்தியளா? ரெண்டு தரம் பஞ்சராகவும் எனக்கே சந்தேகம். அதான் சாருக்குக் காட்டணும்னே கைய நீட்டி அமுக்கினேன்."

நான் பார்த்துக்கொண்டே இருக்கிறேன். பொய் சொல்லுகிற முகமே இல்லை. அவ்வளவு சுத்தமான கோபம். "அவரா வைக்கல சார்! இவருக்காக வச்சது. இவருதான் வைக்கச் சொன்னாரு, இன்னைக்குக் காலையில!" என்று நான் கத்தினேன். அண்ணாச்சி என் பக்கம் திரும்பி இரக்கத்தோடு சிரித்தார். "பாவம், தங்கச்சிக்குக் கம்ப்யூட்டர் தெரியாது சாரு. படம் மட்டும் வரையும். அவன்மேல ஒரு பாசம்." அந்தப் 'பாசம்' என்ற சொல்லை அவர் சொன்ன விதம், தூ. வியாபாரியின் பார்வை என்மேல் வந்து, சாகுல் பாயிடம் போய், நகர்ந்துவிட்டது. நான் மறுபடி வாயைத் திறந்தேன். அவர் கையைக் காட்டி நிறுத்திவிட்டார்.

சாகுல் பாய் நம்பமுடியாமல் கன்னத்தில் கை வைத்தபடியே நின்றார்.

வியாபாரி வாசலில் செருப்பை மாட்டிக்கொண்டே முடிவைச் சொன்னார். "விளையாட்டு எனக்குப் பிடிச்சிருக்கு. எடுத்துக்கிறேன். ஆனா அந்த ஆள் இதுல இனிமே கை வைக்கக் கூடாது. பேரும் வரக் கூடாது. எனக்குத் தெரிஞ்ச கடைக்காரங்ககிட்டயும் சொல்லி வைக்கிறேன், இந்தப் பேரு எங்கயாவது வந்தா ஜாக்கிரதையா இருங்கன்னு." சாயந்தர ரயில் வரைக்கும் ஜங்ஷன் லாட்ஜில்தான் இருப்பேன் என்று அறை போன் நம்பரைக் கொடுத்துவிட்டுப் போனார்.

படியில் அவர் காலடிச் சத்தம் ஓய்ந்ததும் அண்ணாச்சி ஓடிவந்து சாகுல் பாயின் தோளில் கை போட்டார். "லே, கோவமா? அண்ணன் ஒரு அடி அடிச்சதா நெனச்சுக்க. அந்த நேரத்துக்கு வேற என்ன செய்ய? ஆர்டரு வந்துட்டுலா? ஜெயிச்சிட்டோம் லே!" நிஜமாகவே சந்தோஷப்பட்டார். சாகுல் பாயும் தன்னோடு சேர்ந்து சந்தோஷப்பட வேண்டும் என்று எதிர்பார்த்தார்.

சாகுல் பாய் பைய அந்தக் கையை எடுத்துவிட்டார். "ஆர்டர நீங்களே வச்சுக்கிடுங்க அண்ணாச்சி. பேரு கூட வராட்டா பரவாயில்ல. நான் போயிருதேன். ஒரே ஒரு போனு மட்டும் அவருக்குப் போட்டுச் சொல்லிருங்க, அத நான் களவா வைக்கலன்னு. எனக்குத் தெரிஞ்ச தொழிலு இது ஒண்ணுதான். அந்தப் பேச்சோட நான் எங்கன போயி நிப்பேன்?"

அண்ணாச்சி, "இவ்வளவுதான லே? இப்பமே சொல்லுதேன்" என்று மேசைக்குப் பின்னால் போய் உட்கார்ந்து போனை இழுத்தார். ரிசீவரை எடுத்து நம்பரைச் சுழற்றினார். சாகுல் பாய் மேசைக்கு எதிரே நின்றார். நடுவில் ஃபைல் அடுக்கு. நான் என் படங்களை எல்லாம் எடுத்துக்கொண்டு போய்விடுவது என்ற முடிவில் அண்ணாச்சியின் பின்னால் இருந்த அலமாரியைத் திறந்துகொண்டிருந்தேன்.

"சாரு, வணக்கம். நான்தான், வண்ணார்பேட்டை. ஒரு விசயம் சொல்லணும் சாரு, மனசு கேக்கல... அந்தக் கீ நான் வைக்கச் சொன்னதுதான். ஆமா சாரு. அவன் மேல ஒரு தப்பும் கெடையாது... பத்து வருசமா எங்கூட இருக்கான். தங்கம் சாரு. எனக்குத் தெரியாம ஒரு எழுத்து வச்சது கெடையாது... ம்... ம்... நான்தான் தோத்துருவனோன்னு பயந்துட்டேன். சின்னப்புள்ளையில இருந்தே அப்படித்தான்... ஆமா சாரு, கடைக்காரங்ககிட்ட ஒண்ணும் சொல்லிராதிய. நல்லது சாரு. ரொம்ப நல்லது."

குரல் கம்மியது. எதிரே சாகுல் பாய் கைக்குட்டையை முகத்தில் வைத்துக்கொண்டு தேம்பினார். எனக்கே அண்ணாச்சியை ஒரு கணம் மன்னித்துவிடலாம் போல இருந்தது. அலமாரியிலிருந்து திரும்பி அவர் தோளுக்கு மேலாகப் பார்த்தேன். ரிசீவர் வலது கையில் இருந்தது. இடது உள்ளங்கை போன்மேல் தட்டையாக அமர்ந்து, ரிசீவர் வைக்கிற இடத்திலுள்ள இரண்டு குமிழ்களையும் அமுக்கிக்கொண்டிருந்தது. லைனில் யாரும் இல்லை.

படங்களைக் கீழே போட்டுவிட்டு அந்தக் கையைப் பிடித்து இழுத்தேன். ரிசீவரிலிருந்து டயல் டோன் 'ஙொய்' என்று கிளம்பியது. அந்தச் சின்ன அறையில் மூன்று பேருக்கும் கேட்டது.

சாகுல் பாய் கைக்குட்டையை முகத்திலிருந்து எடுத்தார். போனைப் பார்த்தார், என் பிடியில் இருந்த கையைப் பார்த்தார்.

"இதுலயுமா அண்ணாச்சி?" என்றார்.

அண்ணாச்சி ரிசீவரை மேசைமேல் வைத்தார். அவர் முகத்தில் வெட்கம் வருகிறதா என்று பார்த்தேன். வருத்தம்தான் வந்தது. நிஜமான வருத்தம். கண்ணில் நின்ற நீர் அப்போதுதான் கன்னத்தில் வழிந்தது. என்னை நிமிர்ந்து பார்த்தார்.

"அவன் நிம்மதியாப் போயிருப்பாம்லா தங்கச்சி" என்றார். "நீ ஏம்மா கெடுத்த?"